தழும்பில் ஓடிய தையல்

"நாளைக்கு நேர்ல வரேன்" என்ற ஒரே வரியோடு போன வார அத்தியாயத்தில் அண்ணன் போனை வைத்தானே, அதற்கப்புறம் சுண்டு என்ன ஆனாள் என்று பதறிப்போய்க் கேட்டவர்களுக்குச் சொல்லிவிடுகிறேன். ஒன்றும் ஆகவில்லை. சாப்பிடவில்லை, தூங்கவில்லை, அவ்வளவுதான். காலை ஏழு மணிக்கே கேலரிக்கு வந்து, பூட்டிய கதவுக்கு முன்னால் காவலாளியின் ஸ்டூலில் உட்கார்ந்திருந்தாள்.

சாயங்காலம் ஆறு மணிக்கு அவளுடைய கண்காட்சி திறப்பு. மூன்று வருட உழைப்பு. தலைக்கு மேல் வேலை கிடக்கிறது. ஆனால் மனசு முழுக்க அண்ணன்தான் உட்கார்ந்திருந்தான்.

இன்றுதான் இந்தக் கதைக்குள் வருகிறவர்களுக்காக இரண்டு வார்த்தை. சுண்டு என்பது வீட்டில் கூப்பிடும் பேர். கடைக்குட்டி, சுண்டுவிரல் கணக்காகப் பிறந்தாளாம். இப்போது முப்பத்தெட்டு வயது. வரைவாள், தைப்பாள், படம் பிடிப்பாள், ஒலிப்பதிவு செய்வாள், எல்லாவற்றையும் சேர்த்து ஒரு அறைக்குள் வைத்து அதைத்தான் என் கலை என்பாள். "ஏதாவது ஒண்ணை உருப்படியா பண்ணக் கூடாதாம்மா?" என்று கேட்காத சொந்தக்காரர் கிடையாது.

அவளுக்கு ஐந்து வயதிருக்கும்போது இடது மேல்கையில் இஸ்திரிப்பெட்டி பட்டு வெந்துவிட்டது. வைத்தவன் அண்ணனாம். அவனுக்கு அப்போது ஒன்பது வயது. அப்பா கோபத்தில் மறுவாரமே அவனைத் தன் தம்பி வீட்டுக்கு அனுப்பிவிட்டார். போனவன் திரும்பி வந்து இந்த வீட்டில் ஒருநாள்கூடத் தங்கியதில்லை. விசேஷத்துக்கு வருவான், கை நனைப்பான், போய்விடுவான். போன வருடம் அப்பா காலமானபோதும் மூன்று மணி நேரம்தான் இருந்தான்.

இதைத்தான் சுண்டு கண்காட்சியாக்கியிருந்தாள். வாசல் சுவரில் பெரிய கறுப்பு எழுத்தில் தலைப்பு ஒட்டியாகிவிட்டது. 'அண்ணன் கொடுத்தது'.

காவலாளி வந்து கதவைத் திறந்தார். உள்ளே போய் ஒவ்வொன்றாகச் சரிபார்த்தாள். ஜன்னல்களையெல்லாம் கறுப்புத் துணி போட்டு அடைத்திருந்தார்கள். விளக்கு இல்லாவிட்டால் பட்டப்பகலிலேயே கண்ணைக் கட்டிவிட்டது மாதிரி இருக்கும். நடுச்சுவரில் ஆறடித் துணி. அதில் அவளுடைய தழும்பைப் படம் பிடித்து, பெரிதாக்கி அச்சடித்திருந்தாள். அதற்கு முன்னால் ஒரு மேஜை, அதன்மேல் அந்தப் பழைய இஸ்திரிப்பெட்டி.

கூரையிலிருந்து ஐந்து சட்டைகள் தொங்கின. அம்மா தைத்துக் கொடுத்தவை. அம்மா ஓய்வு பெற்ற தையல்காரி. ஒவ்வொரு சட்டைப் பையிலும் ஒரு சின்ன ஸ்பீக்கர். அப்பா சட்டையில் அவர் போவதற்கு முன் பதிந்த குரல், அம்மா சட்டையில் அம்மா குரல், எதிர்வீட்டு அத்தை சட்டையில் அத்தை குரல், சுண்டு சட்டையில் சுண்டுவின் குரல். எல்லோரும் அந்த ஒரு நாளைத்தான் சொல்கிறார்கள். தனித்தனியாக உட்கார வைத்துப் பதிவு செய்தாள். ஒருவர் சொன்னதை இன்னொருவர் கேட்கக் கூடாது என்பது அவள் போட்ட சட்டம். அண்ணன் மட்டும் பேச வரவே மாட்டேன் என்றுவிட்டான். அதனால் அண்ணன் சட்டை ஊமை.

மூலையில் ஒரு கண்ணாடிக் கூண்டு, உள்ளே ஒரு மைக். பார்க்க வருகிற யார் வேண்டுமானாலும் உள்ளே போய்த் தங்கள் பழைய நினைவு ஒன்றைச் சொல்லலாம். அவர்கள் பேசும்போது சட்டைகள் தங்கள் கதையை நிறுத்திவிட்டு, ஐந்துமாகச் சேர்ந்து அந்தக் குரலைப் பேசும்.

தன் சட்டைக்குக் கீழே நின்று தன் குரலையே ஒருமுறை கேட்டாள். "முதல்ல இருட்டு. அப்புறம் சூடு. அப்புறம் வெளிச்சம். வெளிச்சத்துல அண்ணன், கையில இஸ்திரிப்பெட்டி." இந்த இருட்டைப் பற்றி ஒரு விமர்சகர், 'ஆழ்மனத்தின் ஆதி இருள்' என்று பாதிப் பக்கம் எழுதியிருந்தார். சுண்டுவும் அதை நம்பியிருந்தாள்.

பதினொரு மணிக்கு அண்ணன் வந்தான்.

அவன் லிஃப்ட் மெக்கானிக். எந்தக் கட்டடத்துக்குள் நுழைந்தாலும் முதலில் மனுஷனைப் பார்க்க மாட்டான், போர்டைத்தான் பார்ப்பான். இங்கேயும் அப்படித்தான். தங்கையைப் பார்க்காமல் வாசலுக்குப் பக்கத்துச் சுவரைப் பார்த்தான்.

"மெயின் ஸ்விட்சை இப்படியா கைக்கு எட்டற மாதிரி விடுவாங்க? கூட்டம் வர்ற இடம். ஒரு மூடி போடக் கூடாது?"

"அதைச் சொல்லத்தான் வந்தியா?"

"இல்ல." சுவரில் இருந்த தலைப்பைக் காட்டினான். "இந்தப் பேரை எடுத்துடு."

"ஏன் எடுக்கணும்?"

"பாப்பா காலேஜ்ல யாரோ உன் அழைப்பிதழைப் போன்ல அனுப்பியிருக்காங்க. 'அப்பா, இந்த அண்ணன் நீங்கதானே?'ன்னு என்கிட்டயே கேக்கறா."

"நீ என்ன சொன்ன?"

"போய்ப் படுன்னு சொன்னேன்."

சுண்டுவுக்குச் சுருக்கென்று தைத்தது. அண்ணன் மகள் மேல் அவளுக்குக் கொள்ளைப் பிரியம். அந்தப் பெண்ணின் முகம் எப்படி மாறியிருக்கும் என்று நினைத்துப் பார்க்கவே பிடிக்கவில்லை. ஆனாலும் விட்டுக்கொடுக்க மனசு வரவில்லை.

"அண்ணா, இது மூணு வருஷ வேலை. என் கையில இருக்கற தழும்பு. என் வாழ்க்கையில எனக்கு ஞாபகம் இருக்கற முதல் விஷயமே நீ இஸ்திரிப்பெட்டியோட நின்னதுதான். அதைச் சொல்ல எனக்கு உரிமை இல்லையா?"

"உரிமை இல்லைன்னு சொன்னேனா?"

"அப்போ ஒரே ஒரு வார்த்தை சொல்லு. 'நான் வைக்கலை'ன்னு சொல்லு. இந்த நிமிஷமே எல்லாத்தையும் பிடுங்கிப் போட்டுடறேன்."

அவன் வாயைத் திறந்தான். திறந்த வாயை அப்படியே மூடிக்கொண்டான். வந்த வார்த்தையை மென்று விழுங்கியது அவளுக்கு நன்றாகத் தெரிந்தது.

"அம்மா எப்போ வராங்க?" என்றான்.

"நாலு மணிக்கு. கேட்டதுக்குப் பதில் சொல்லு."

"சொல்ல ஒண்ணும் இல்ல சுண்டு. பேரை மட்டும் எடு. உன்கிட்ட இதுவரைக்கும் எதுவும் கேட்டதில்ல, இதைக் கேக்கறேன்."

"மாட்டேன். நீ வாயைத் திறக்க மாட்டேன்னா, அப்போ நீதான் வெச்ச."

அண்ணன் அவளை ஒரு நிமிடம் பார்த்தான். திட்டியிருந்தாலும் பரவாயில்லை. அந்தப் பார்வையில் கோபமே இல்லை.

"ஆறு மணிக்குப் பாப்பா வரா. தடுத்துப் பார்த்தேன், கேக்கலை. கூட நானும் வருவேன்" என்று சொல்லிவிட்டு இறங்கிப் போய்விட்டான்.

கேலரியை நடத்தும் மேடம் இதையெல்லாம் தன் அறை வாசலில் நின்று கேட்டுக்கொண்டுதான் இருந்தார். காதில் விழாத மாதிரி வந்து, "தலைப்பை மட்டும் தொட்டுடாதீங்க, பத்திரிகைக்காரங்க அதுக்குத்தான் வராங்க" என்று சிரித்துக்கொண்டே சொல்லிவிட்டுப் போனார். சிரிப்பைப் பாரேன்.

மத்தியானம் இரண்டு மணிக்குத் திரைச்சீலை தைக்கும் மாஸ்டர் வந்தார். ஆறடித் துணி கீழ்ப்பக்கம் ஒரு விரல்கடை கோணலாகத் தொங்கியது. அதைப் பிரித்து மடித்துத் தைக்கச் சொல்லிக் கூப்பிட்டிருந்தாள். அறுபது வயதிருக்கும். காதில் பென்சில், கழுத்தில் அளவு டேப், வாயில் நாலு குண்டூசி. ஏணியில் ஏறி மேலே கொக்கியை அவிழ்க்கப் போனவர், அப்படியே நின்றுவிட்டார்.

குண்டூசிகளைக் கையில் எடுத்துக்கொண்டு, "பிரமாதமா வரைஞ்சிருக்கீங்கம்மா" என்றார். "தையலைக்கூட விடலையே!"

"எந்தத் தையல் மாஸ்டர்?"

"இதோ." துணியில் விரலை வைத்து மேலிருந்து கீழாக இழுத்தார். "பேன்ட் கால் பக்கம் போடற இரட்டைத் தையல். ரெண்டு வரி ஓடுது பாருங்க. நடுவுல மடிப்புத் தடிப்பு. நாப்பது வருஷமா மெஷின் மிதிக்கறேன், எனக்குத் தெரியாதா?"

சுண்டு ஏணிக்குக் கீழே வந்து அண்ணாந்து பார்த்தாள். தழும்பின் குறுக்கே இரண்டு மெல்லிய கோடுகள் ஓடுவது அவளுக்குப் புதிதல்ல. தோல் சுருங்கி அப்படி ஆகியிருக்கிறது என்றுதான் இத்தனை நாளும் நினைத்திருந்தாள். அச்சடிக்கும்போது அந்தக் கோடுகள் அழகாக இருக்கின்றன என்று கொஞ்சம் எடுப்பாக்கிக்கூட விட்டிருந்தாள்.

"மாஸ்டர், இது வரைஞ்சது இல்ல. போட்டோ. என் கை."

மாஸ்டர் ஏணியிலிருந்து இறங்கினார். தன் பேன்ட் காலின் பக்கவாட்டுத் தையலை இரண்டு விரலால் பிடித்துத் தூக்கிக் காட்டினார். அப்புறம் தயங்கித் தயங்கி, "கையைக் கொஞ்சம் காட்டறீங்களா?" என்றார்.

அவள் சட்டைக் கையைச் சுருட்டினாள். அவர் மூக்குக்கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிக்கொண்டு பார்த்தார்.

"அதேதாம்மா. இஸ்திரிப்பெட்டி உங்க மேல படலை. பேன்ட் மேல பட்டிருக்கு. பேன்ட்டுக்கு அடியில நீங்க இருந்திருக்கீங்க. தையல் இருக்கற இடம் தடிப்பு இல்லையா, அங்க சூடு அதிகமா இறங்கும். அந்தக் கோடு போகவே போகாது."

"பேன்ட்டுக்கு அடியிலயா?"

"வேற எப்படி இப்படி விழும்? யாரோ துணி தேய்ச்சிருக்காங்க. அடியில குழந்தை இருந்தது தெரியலை." சொல்லிவிட்டுத்தான் அவருக்குத் தான் என்ன சொன்னோம் என்று உறைத்தது. "நான் பாட்டுக்கு ஏதோ உளர்றேன், தப்பா எடுத்துக்காதீங்க" என்று அவசரமாகத் துணியை மடிக்க ஆரம்பித்தார்.

சுண்டு தரையிலேயே உட்கார்ந்துவிட்டாள்.

முதலில் இருட்டு. ஆதி இருளாம், ஆழ்மனமாம்! துணிக்குவியல். வெறும் துணிக்குவியல். அம்மா தைத்துப் போட்ட துணிகளுக்குள் புகுந்துகொண்டு தூங்குவது அவளுக்குப் பழக்கம் என்று எத்தனையோ தடவை வீட்டில் சொல்லிச் சிரித்திருக்கிறார்கள். இருட்டு, அப்புறம் சூடு, அப்புறம் வெளிச்சம். யாரோ துணியைத் தூக்கினால்தானே வெளிச்சம் வரும்? யாரோ பெட்டியைப் பிடுங்கினால்தானே அது அவன் கைக்கு வரும்?

ஒன்பது வயதுப் பையன் பேன்ட் தேய்க்கிற வீடு அல்ல அது. அந்த வீட்டில் பேன்ட் தேய்த்தவர் ஒருவர்தான்.

மாஸ்டர் துணியைத் தைத்து, நேராக்கி, மாட்டிவிட்டுப் போனது எதுவும் அவளுக்கு நினைவில்லை.

நாலு மணிக்கு ஆட்டோவில் அம்மா வந்து இறங்கினாள். மகளின் விழாவுக்கென்று புதுப்புடவை. மூட்டுவலியோடு படியேறி வந்து, "என்னடி இது, முகம் பேயறைஞ்ச மாதிரி இருக்கு? சாப்பிட்டியா?" என்றாள்.

சுண்டு அம்மாவின் கையைப் பிடித்து, பின்னால் இருந்த சாமான் அறைக்குள் கூட்டிக்கொண்டு போய்க் கதவைச் சாத்தினாள். காலி மரப்பெட்டி ஒன்றைக் கவிழ்த்துப் போட்டு அதில் உட்கார வைத்தாள்.

சட்டைக் கையைச் சுருட்டித் தழும்பை அம்மாவின் கண்ணுக்கு நேராகக் காட்டினாள்.

"இது என்ன தையல்மா?"

அம்மா பார்க்கவில்லை. பார்க்காமல் தலையைத் திருப்பிக்கொண்டதிலேயே பாதி பதில் வந்துவிட்டது.

"உன்னைத்தான் கேக்கறேன். அம்பது வருஷம் மெஷின் மிதிச்சவ. உனக்குத் தெரியாத தையலா? தினமும் எனக்குத் தலை சீவி விட்டியே, குளிக்க வெச்சியே, அப்போல்லாம் இது உன் கண்ணுல படலையா?"

"பட்டுச்சு" என்றாள் அம்மா.

 இல்லை என்று சொல்லிவிட மாட்டாளா, அந்த மாஸ்டர் ஒரு லூசு என்று திட்டிவிட மாட்டாளா என்று உள்ளுக்குள் எவ்வளவு ஆசைப்பட்டிருக்கிறோம் என்பது அப்போதுதான் சுண்டுவுக்குத் தெரிந்தது.

அம்மா புடவைத் தலைப்பை விரலில் சுற்றிச் சுற்றி அவிழ்த்துக்கொண்டே பேசினாள்.

"ஸ்கூல் யூனிஃபார்ம் ஆர்டர். அறுபது பேன்ட். மறுநாள் காலையில கொடுக்கணும். ஒண்ணொண்ணா விரிச்சுத் தேய்க்க நேரம் ஏது? ஒண்ணு மேல ஒண்ணா அடுக்கி வெச்சு, மேலாக்கத் தேய்ச்சு எடுத்துக்கிட்டே வந்தேன். நீ எப்போ மேஜை மேல ஏறிப் படுத்தன்னு எனக்குத் தெரியாதுடி. சத்தியமா தெரியாது. நீ அலறினப்போ எனக்குக் கை மரத்துப்போச்சு. பெட்டியைத் தூக்கணும்னுகூடத் தோணலை. அவன்தான் பக்கத்து அறையிலேர்ந்து ஓடி வந்து என் கையிலேர்ந்து பிடுங்கினான்."

"அப்புறம்?"

"அப்புறம் உங்கப்பா வர்ற நேரம்." அம்மா மூச்சு வாங்கினாள். "மெஷினைத் தூக்கி வெளிய எறியறேன்னு அவர் ஒத்தக் கால்ல நின்னுக்கிட்டு இருந்த காலம் அது. அந்த மெஷின்தான் நமக்குச் சோறு போட்டுச்சு. இது தெரிஞ்சா முடிஞ்சுது கதை. அதனால அவன்கிட்ட, 'நீ விளையாட்டுல வெச்சுட்டேன்னு சொல்லுடா கண்ணா, சின்னப் பையனை ஒண்ணும் பண்ண மாட்டாரு'ன்னு நான்தான் கேட்டேன்."

"அதுக்கு அவனைக் கொடுத்துட்டியா?"

"ஒரு ராத்திரிக்குன்னு நெனச்சேண்டி! அவர் இப்படி ஊரை விட்டே அனுப்புவாருன்னு கண்டேனா? பஸ் ஏத்தும்போது அவன் ஜன்னல் வழியா என்ன சொன்னான் தெரியுமா? 'நான் யார்கிட்டயும் சொல்ல மாட்டேன்மா, நீ மெஷினைப் பார்த்துக்கோ'ன்னான்."

சுண்டுவுக்கு அழுகை பொத்துக்கொண்டு வந்தது. காலையில் அந்த மனுஷனிடம் ஒரு வார்த்தை சொல்லு, ஒரு வார்த்தை சொல்லு என்று மல்லுக்கு நின்றாளே! அந்த ஒரு வார்த்தையைத்தான் அவன் முப்பத்து மூன்று வருடமாகச் சொல்லாமல் வைத்திருந்தான். தன் மகள் கேட்டபோதுகூடச் சொல்லவில்லை.

"சரி, அப்பாவுக்குப் பயந்த. அப்பா போய் ஒரு வருஷம் ஆச்சேம்மா. இந்த ரெக்கார்டிங்ல என் முன்னாடி உக்காந்து, 'அவன்தான் வெச்சான்'னு மறுபடியும் சொன்னியே, எப்படிம்மா வாய் வந்துச்சு?"

அம்மா புடவைத் தலைப்பால் முகத்தைத் துடைத்துக்கொண்டாள்.

"இன்னிக்கு நீ சொல்லணும்" என்றாள் சுண்டு.

"ஊர் கூடி நிக்கற இடத்துலயா?"

"ஊர் கூடற இடத்துலதானே நான் அவனைப் பத்தி எழுதி ஒட்டியிருக்கேன். அழைப்பிதழ் எல்லார் கைக்கும் போயாச்சு. அவன் பொண்ணு கைக்கும் போயாச்சு."

"நீயே சொல்லிடேன்."

"நான் சொல்ல மாட்டேன். நான் சொன்னா உன்னைக் காட்டிக் கொடுத்த மாதிரி ஆகும். நீ சொன்னாத்தான் அவனுக்குத் திருப்பிக் கொடுத்த மாதிரி." முகத்தைத் துடைத்துக்கொண்டு கதவைத் திறந்தாள். "அண்ணன் சட்டையை நீதான் தைச்ச. அது மட்டும் ஊமையாத் தொங்குது. போய்ப் பாரு."

அம்மா எழுந்திருக்கவில்லை. "எத்தனை மணிக்கு ஆரம்பிக்கறாங்க?" என்று மட்டும் கேட்டாள்.

சுண்டு நேராக வாசலுக்குப் போனாள். மேஜை இழுப்பறையில் இருந்த தகட்டுக் கத்தியை எடுத்து, சுவரில் ஒட்டியிருந்த கறுப்பு எழுத்துகளை ஒவ்வொன்றாகச் சுரண்டினாள். மேடம் ஓடி வந்து, "என்ன பண்றீங்க? பைத்தியமா உங்களுக்கு? இன்னும் ரெண்டு மணி நேரம்கூட இல்லை!" என்று கத்தினார்.

"தலைப்பு தப்பு மேடம்."

"அப்போ எது சரி?"

"தெரியலை. ஆறு மணிக்கு மேல தெரியும்."

மேடம் தலையில் அடித்துக்கொண்டு போனார். எழுத்து போன இடத்தில் சுவர் பாளம் பாளமாக உரிந்து அசிங்கமாக நின்றது. சுண்டு அதை அப்படியே விட்டுவிட்டாள். சுவரைச் சுரண்டினால் போதாது என்பது அவளுக்கும் தெரியும். அம்மா வாயைத் திறக்காவிட்டால் அண்ணன் இன்றைக்கும் அந்தப் பழியோடுதான் படியிறங்குவான். அவன் மகள் அதை வாழ்நாள் முழுக்க நம்புவாள்.

ஆறு மணிக்குக் கூட்டம் நிறைந்துவிட்டது. எழுபது எண்பது பேர் இருப்பார்கள். சட்டைகளுக்குக் கீழே நின்று காதைக் கொடுத்துக் கேட்டார்கள். தழும்புத் துணிக்கு முன்னால் போன் பிடித்தார்கள். யாரோ வந்து கை குலுக்கினார்கள், யாரோ பூங்கொத்துக் கொடுத்தார்கள். சுண்டு யாரிடம் என்ன பேசினாள் என்று கேட்டால் அவளுக்கே தெரியாது. கண் ரெண்டும் வாசலிலேயே இருந்தது.

அண்ணன் வந்தான். வெள்ளைச் சட்டை போட்டு, தலையைப் படிய வாரியிருந்தான். பக்கத்தில் அவன் மகள். பத்தொன்பது வயது, அப்பாவின் அதே நெற்றி. உரிந்து கிடந்த சுவரைப் பார்த்துவிட்டு அண்ணன் சுண்டுவைப் பார்த்தான். நன்றி மாதிரி லேசாகத் தலையசைத்தான். அது போதும் அவனுக்கு! பெரிதாக வேறு எதையும் கேட்டுப் பழகாத மனுஷன்.

மகளுக்குப் போதவில்லை. நேராக அப்பா சட்டைக்குக் கீழே போய் நின்றாள். தாத்தாவின் குரல் அவள் தலைக்கு மேல் பேசியது. "பையன்தான் வெச்சான். அதான் அவனை அனுப்பிட்டேன்." அடுத்து அம்மா சட்டைக்குப் போனாள். "அவன்தான் வெச்சான்." பிறகு திரும்பி, கூட்டத்தைத் தாண்டித் தன் அப்பாவைப் பார்த்தாள். அண்ணன் அந்தப் பார்வைக்கு முகம் கொடுக்க முடியாமல் தரையைப் பார்த்தான்.

சுண்டு ஓடிப்போய் அவளைக் கட்டிக்கொள்ளலாமா என்று நினைத்தாள். அப்போதுதான் சாமான் அறைக் கதவு திறந்தது.

அம்மா வந்தாள். யாரையும் பார்க்கவில்லை. முட்டியைப் பிடித்துக்கொண்டு, கூட்டத்துக்கு நடுவே வழி விலக்கி, மூலையில் இருந்த கண்ணாடிக் கூண்டுக்குள் போய் உட்கார்ந்து கதவைச் சாத்திக்கொண்டாள். மைக்குக்குப் பக்கத்தில் சிவப்பு விளக்கு எரிந்தது.

சட்டைகள் எல்லாம் பேச்சை நிறுத்தின. அம்மா தொண்டையைச் செருமும் சத்தம் ஐந்து சட்டையிலிருந்தும் வந்தது. அண்ணன் சட்டையிலிருந்தும்தான்.

"வணக்கம். நான் இந்தப் பொண்ணோட அம்மா. தையல்காரி."

கூட்டம் திரும்பிப் பார்த்தது. அண்ணன் விறைத்து நிமிர்ந்தான். அவனுக்குப் புரிந்துவிட்டது.

"அம்மா, வேண்டாம்" என்றான். கண்ணாடிக்குள் அது எங்கே கேட்கும்?

"இங்க எல்லாரும் அந்த ஒரு நாளைப் பத்திச் சொல்றாங்க. நானும் சொல்லியிருக்கேன். நான் சொன்னது..."

அண்ணன் நடந்தான். கூண்டுப் பக்கம் இல்லை, வாசல் பக்கம். கோபித்துக்கொண்டு வெளியே போகிறான் என்றுதான் சுண்டு நினைத்தாள். காலையில் அவன் எதை முறைத்துப் பார்த்தான் என்பது நினைவுக்கு வருவதற்குள் காரியம் முடிந்துவிட்டது.

டப்பென்று ஒரு சத்தம். கூடம் முழுக்க இருட்டு.

சட்டைகள் வாயடைத்துப்போயின. யாரோ வீலென்றார்கள். ஒரு கண்ணாடித் தம்ளர் கீழே விழுந்தது. இருட்டுக்குள்ளிருந்து அண்ணனின் குரல், லிஃப்ட்டுக்குள் மாட்டிக்கொண்டவர்களிடம் பேசுகிற அதே நிதானத்தோடு வந்தது. "யாரும் பயப்படாதீங்க. இருக்கற இடத்துலயே நில்லுங்க. சின்ன கரண்ட் பிரச்சனைதான்."

சுண்டு சுவரைத் தடவிக்கொண்டே அவனிடம் போய்ச் சேர்ந்தாள். அவன் கை இன்னும் ஸ்விட்ச் மேலேயே இருந்தது. அந்தக் கையைப் பிடித்தாள்.

"எனக்குத் தெரிஞ்சுபோச்சு அண்ணா" என்றாள் அவன் காதருகில். "போடு."

"போட மாட்டேன். இத்தனை பேர் முன்னாடி அவங்க ஏன் அசிங்கப்படணும்? எனக்குப் பழகிப்போச்சு சுண்டு. விட்டுடு."

கூண்டின் கதவு திறக்கிற சத்தம் கேட்டது. தரையில் செருப்பு இழுபடும் சத்தம். அப்புறம் அம்மாவின் குரல், மைக் இல்லாமல், வெறும் தொண்டையோடு.

"டேய், நீதான் அணைச்சன்னு எனக்குத் தெரியும். போடாட்டிப் பரவாயில்ல. இருட்டுலயே சொல்லிடறேன், எனக்கும் அதுதான் சௌகரியம்." செருப்புச் சத்தம் நின்றது. "பாப்பா, நீ எந்தப் பக்கம் நிக்கறன்னு தெரியலை. எங்க நின்னாலும் கேட்டுக்கோ. உங்கப்பா வைக்கலை. அன்னிக்கு இஸ்திரிப்பெட்டி என் கையில இருந்துச்சு. பிடுங்கிக் காப்பாத்தினவன் உங்கப்பா. அவன் வாயால பொய் சொல்ல வெச்சவ நான்."

 சுண்டு பிடித்திருந்த கை சட்டென்று கனத்தது. அண்ணன் சுவரில் சாய்ந்துவிட்டான்.

கூடத்தின் நடுவிலிருந்து அவன் மகள் பேசினாள். சத்தம் போடவில்லை, அழவில்லை. நிஜமாகவே தெரிந்துகொள்ள வேண்டும் என்பது போலக் கேட்டாள்.

"சரி பாட்டி. அதுக்கப்புறம் அப்பாவை ஏன் நீங்க திரும்பக் கூட்டிட்டு வரவே இல்ல?"

இருட்டில் அம்மாவின் செருப்பு மறுபடி இழுபட்டது.

ஸ்விட்ச் மேல் இருந்த அண்ணனின் கை அசைந்தது. இந்தக் கேள்வி ஒன்பது வயதிலிருந்து அவனுக்குள்ளும் கிடக்கிறது, கேட்கத்தான் வாய் வந்ததில்லை என்பது சுண்டுவுக்கு அந்த அசைவில் தெரிந்தது. அவன் கையை அவள் விட்டாள்.

அவனே ஸ்விட்சைப் போட்டான். கூடமெல்லாம் வெளிச்சமானது. அம்மா கூண்டுக்கு வெளியே, ஐந்து சட்டைகளுக்கு நடுவில் தனியாக நின்றிருந்தாள். அண்ணன் அவள் முகத்தை நேராகப் பார்த்தபடி, பதிலுக்காக நின்றான்.